பூதத்தின் குரல் ஏன் மாறியது?

கேள்வி: பள்ளி விடுமுறையில் எங்கள் தோட்டத்து மண்டபத்தில் பிள்ளைகளுக்குப் படம் போடுகிறேன். போன வாரம் ‘அலாதீன்’ இரண்டாம் பாகம் போட்டேன். பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். பின்னால் நின்ற இளைஞர்களோ, “மட்டமான படம், முதல் பாகத்தின் பெயரையே கெடுக்குது” என்று கிண்டலடித்தார்கள். ஒரு பையன் மட்டும், “அங்கிள், பூதத்தோட குரல் ஏன் வேற மாதிரி இருக்கு?” என்று கேட்டான். இந்த மாதிரிப் படங்களை இனிப் போடலாமா?
- ஒரு வாசகர், சுங்கை சிப்புட்

பதில்: தாராளமாகப் போடுங்கள், தம்பி. ஆனால் முதலில் அந்தப் பையனுக்குப் பதில் சொல்லிவிடுங்கள். அன்று மண்டபத்தில் காதைத் தீட்டிக்கொண்டு படம் பார்த்தவன் அவன்தான்.

1992இல் வந்த முதல் படத்தில் பூதத்துக்குக் குரல் கொடுத்தவர் ராபின் வில்லியம்ஸ். தன் குரலை விளம்பரத்துக்குப் பயன்படுத்திய விதம் பிடிக்காமல் டிஸ்னியோடு மனத்தாங்கல் ஆகிவிட்டது. அதனால் 1994இல் நேராக வீடியோவுக்கே எடுத்த இரண்டாம் பாகத்தில் டான் காஸ்டெல்லனெட்டா பேசினார். டிஸ்னி மன்னிப்புக் கேட்டது. 1996இல் மூன்றாம் பாகத்துக்கு வில்லியம்ஸ் திரும்பி வந்தார்.

இளைஞர்கள் சொன்னதிலும் உண்மை இருக்கிறது. இரண்டாம் பாகத்தை எடுத்தது டிஸ்னியின் தொலைக்காட்சிப் பிரிவு. தியேட்டர் படத்துக்குக் கொட்டும் காசும் காலமும் அவர்களுக்கு ஏது? சினிமாவில் ஒரு விநாடிக்கு 24 சட்டகம், அதாவது 24 தனித்தனிப் படம், ஓடும். செலவை மிச்சம் பிடிக்க ஒரே ஓவியத்தைப் பல சட்டகங்களுக்கு அப்படியே நிறுத்திவிடுவார்கள். ஆள் சிலைபோல நிற்பார், வாய் மட்டும் அசையும். இதைக் கண்டுபிடிப்பதையே பிள்ளைகளுக்கு ஒரு விளையாட்டாக்குங்கள். அந்தப் பையன் கையில் ரிமோட்டைக் கொடுத்து, அப்படி வரும் இடத்தில் நிறுத்தச் சொல்லுங்கள்.

அதற்காக எல்லா இரண்டாம் பாகத்தையும் ஒரே தராசில் போடக்கூடாது. 2006இல் வந்த ‘பாம்பி’ இரண்டாம் பாகம், தாயை இழந்த மான்குட்டியைத் தகப்பன் மான் வளர்க்கப் பழகும் கதை. காடும் பனியும் கண்ணுக்குக் குளிர்ச்சி. எனக்கே கண் கலங்கியது. 2002இல் வந்த ‘சிண்டரெல்லா’ இரண்டாம் பாகமோ, மூன்று குட்டிக் கதைகளை ஒட்டுப்போட்ட சமாச்சாரம்.

அந்தக் கிண்டல் பேர்வழிகளிலும் பாதிப் பேர் பாசார் மாலாம் இரவுச் சந்தையில் வாங்கிய சிடியில் இதே படங்களைத் தேயத் தேயப் பார்த்து வளர்ந்தவர்களாகத்தான் இருப்பார்கள். அடுத்த சனிக்கிழமை அவர்களையே அழைத்து முதல் பாகத்தைப் போடச் சொல்லுங்கள். அப்புறம் மூன்றாம் பாகம். பழைய குரல் திரும்பியதை அந்தப் பையன் கண்டுபிடிக்கிறானா பார்ப்போம். ‘சிண்டரெல்லா’ இரண்டாம் பாகத்தை மட்டும் என் பேச்சைக் கேட்டு விட்டுவிடுங்கள்.