சென்னையில் நீங்கள் திரையிடப்போகும் முதல் உலகப் போர்ப் படத்துண்டுகளில் சிப்பாய்கள் துள்ளி ஓடுவதுபோல் தெரிந்தால்
வேகத்தை 64 சதவீதமாகக் குறையுங்கள். மெசபடோமியா (இன்றைய ஈராக்) துண்டில் மெட்ராஸ் சாப்பர்ஸ் என்ற பொறியியல் படை வீரர்கள் பொம்மைபோலத் துள்ளுவது பெரும்பாலும் அதிலேயே அடங்கிவிடும்.

அந்தக் காலத்து கேமரா கையால் சுற்றி ஓட்டுவது. நொடிக்கு ஏறக்குறைய 16 ஃபிரேமில் எடுத்ததை உங்கள் கோப்பு 25-இல் ஓட்டுகிறது.

சரிபார்க்க, அணிவகுப்புக் காட்சியில் காலடியை எண்ணுங்கள். விரைவு நடை நிமிடத்துக்கு 120 அடி. 10 நொடிக்கு 20. உங்களுக்கு 31 வந்தால் கணக்கு சரி. கை ஒரே சீராகச் சுற்றாது என்பதால் ஷாட் ஷாட்டாக எண்ண வேண்டும். மணலில் சுமையோடு நடப்பவர்களை வைத்து எண்ணாதீர்கள்.

அதற்கும் முன்னால் ஃபிரேம் ஃபிரேமாக நகர்த்திப் பாருங்கள். ஒரே படம் இடையிடையே இருமுறை வந்தால் ஸ்கேன் செய்தவர்களே வேகத்தைச் சரிசெய்திருக்கலாம். மறுபடி குறைத்தால் இழுவையாகிவிடும்.

இடைப்படங்களைத் தானே உருவாக்கும் 'ஆப்டிகல் ஃப்ளோ' வேண்டவே வேண்டாம். துப்பாக்கி முனை கரையும், இல்லாத முகபாவத்தை அந்தச் சிப்பாய்க்கு ஒட்டிவிடும். வரலாறு சொல்பவர் செய்யக்கூடாத காரியம் அது.

அகழியிலிருந்து பாய்ந்தேறும் காட்சி இருந்தால் கவனம். பிரான்சில் நடந்த சோம் போரைப் பற்றிய 1916 ஆவணப்படத்திலேயே அது போர்முனைக்குப் பின்னால் நடித்து எடுத்தது. சென்னைத் திரையிடலில் அத்தகைய துண்டின்மேல் 'நடித்துக் காட்டியது' என்று எழுத்தில் போடுங்கள்.