லேமினேட், எம்டிஎஃப் சமையலறை அலமாரிகளுக்குப் பெயின்ட் அடிக்கலாமா?

தாராளமாக அடிக்கலாம், ஆனால் பரப்பை முதலில் தயார் செய்ய வேண்டும். லேமினேட் என்பது பலகையின் மேல் ஒட்டிய, பிசினில் ஊறி இறுகிய காகிதத் தகடு. மரத்திலுள்ள நுண்துளைகள் அதில் கிடையாது. அதனால் பெயின்ட் உள்ளே இறங்காமல் மேலாகவே நிற்கும். அப்படியே நேரடியாக அடித்தால் நகம் பட்டாலே உரிந்து வரும். எண்ணெய்த் தட்டில் ஸ்டிக்கர் ஒட்டுவது போலத்தான்.

முதலில் பிசுக்கை நன்றாகக் கழுவுங்கள், குறிப்பாகக் கைப்பிடியைச் சுற்றி. காய்ந்த அப்புறம் 220 நம்பர் உப்புத்தாளால் பளபளப்பு மங்கும் அளவுக்கு மட்டும் தேய்த்து, தூசியைத் துடைத்துவிட்டு, வழுவழுப்பான பரப்பிலும் ஒட்டும் பிரைமர் (பெயின்ட்டுக்கு முன் அடிக்கும் அடிப்பூச்சு) அடியுங்கள்.

எம்டிஎஃப்பில், அதாவது மரநாரைப் பிசினோடு அழுத்திச் செய்த பலகையில், பிரச்சினை நேர்மாறு: வெட்டிய ஓரங்கள் பெயின்ட்டை உறிஞ்சும், ஈரம் பட்டால் உப்பும். அங்கே ஷெல்லாக் (அரக்கு) பிரைமர் அல்லது எண்ணெய் பிரைமர்தான் சரி.

விலை உயர்ந்த பெயின்ட் வாங்கினால் பிரைமர் தேவையில்லை என்று பலர் நினைக்கிறார்கள். ஆனால் இந்தப் பரப்புகளில் பிடிமானம் தருவதே பிரைமர்தான்.