இரண்டு பனியன் போடும் பையன்

கேள்வி: என் மகனுக்கு 13 வயது. மே மாதப் புழுக்கத்திலும் இரண்டு பனியன் போட்டு அதன்மேல் சட்டை மாட்டுகிறான். விளையாட்டுப் பீரியட் என்றால் வயிற்றுவலி என்கிறான். ஒருநாள் பார்த்துவிட்டேன், ஒரு பக்க மார்புக் காம்புக்கு அடியில் சின்னக் கட்டி. "என்னடா, பொம்பளப் புள்ள மாதிரி" என்று என் தம்பி சிரித்ததிலிருந்து எங்களோடு உட்கார்ந்து சாப்பிடுவதுகூட இல்லை. ஒரே அறை வீடு. எப்படிப் பேசுவது?
- ஒரு தாய், தாராவி, மும்பை

பதில்: சகோதரி, பயப்படாதீர்கள். வயதுக்கு வரும் பையன்களில் ஏறக்குறைய பாதிப் பேருக்கு இது வரும். பெண்களுக்கு மட்டும் என்று நாம் நினைக்கும் ஈஸ்ட்ரோஜன் என்ற ஹார்மோன் ஆண் உடம்பிலும் உண்டு. பருவம் தொடங்கும்போது அதன் அளவு கொஞ்ச காலம் முன்பின்னாகும். அதனால்தான் காசளவு கட்டியும் தொட்டால் வலியும். ஒரு பக்கம் மட்டும் வருவதும் உண்டு. பெரும்பாலும் 6 மாதத்திலிருந்து 2 வருடத்துக்குள் தானே வற்றிவிடும். கல்போல இறுகி வேகமாக வளர்ந்தாலோ, காம்பில் நீர் கசிந்தாலோ, விதையில் வீக்கம் தெரிந்தாலோ, 2 வருடம் தாண்டினாலோ டாக்டரிடம் காட்டுங்கள். சயான் ஆஸ்பத்திரி பக்கத்தில்தானே.

மாட்டுங்காவில் 26 வருடம் உயிரியல் டீச்சராக இருந்தேன். ஒரு பையன் புத்தகப் பையை எந்நேரமும் நெஞ்சோடு அணைத்தபடியே இருப்பான். "பையைக் கீழே வை" என்று வகுப்பில் எல்லார் முன்னாலும் அதட்டினேன். வைத்தான். வைத்த கையோடு இரண்டு கையையும் மார்பின் குறுக்கே கட்டிக்கொண்டான். எனக்கு அன்று புரியவில்லை. புரிந்தபோது அவன் வேறு பள்ளிக்குப் போயிருந்தான். பெண் பெரியவளானால் ஊரைக் கூட்டிப் பந்தல் போடுகிறோம். பையனுக்கு ஒரு வார்த்தைகூடச் சொல்வதில்லையே!

வீட்டுக்குள் எல்லார் காதிலும் விழும்படி பேச வேண்டாம். ராத்திரி சாப்பிட்டதும் அவன் அப்பா தொண்ணூறு அடி ரோட்டில் கூட்டிக்கொண்டு நடக்கட்டும். பக்கத்தில் நடக்கும்போது முகத்தைப் பார்க்க வேண்டியதில்லை, பேச்சு வரும். "நிறையப் பேருக்கு வரும்டா, போயிரும். வலிச்சா சொல்லு" என்றால் போதும். தூக்கத்தில் விந்து வந்து ஜட்டி நனைவதையும் அப்போதே சொல்லிவிடட்டும்: அது நோயில்லை, அதனால் உடம்புச் சத்து குறையாது. நாம் சொல்லாவிட்டால் லோக்கல் ரயிலில் ஒட்டியிருக்கும் போலி வைத்தியர் நோட்டீஸ் சொல்லும்.

இரண்டு பனியனை இப்போதைக்குக் கழற்றச் சொல்லாதீர்கள். கொஞ்சம் தொளதொள சட்டையாக எடுத்துக் கொடுங்கள். உங்கள் தம்பியிடம் நீங்களே பேசுங்கள், "இனிமே அவன் உடம்பப் பத்தி ஒரு வார்த்த பேசக் கூடாது" என்று. அதைப் பையன் காதுபடச் சொல்லுங்கள்.