படத்தொகுப்பு: வாசகர் கேள்வி, எங்கள் பதில்

உயர்தரம் கலைப்பிரிவில் எழுதியிருக்கிறேன். எடிட்டராக வர விருப்பம். எங்கே தொடங்குவது?
– வாசகி, பரந்தன்

என்ன பிரிவில் படித்தீர்கள் என்று இந்தத் தொழிலில் பெரிதாகக் கேட்கமாட்டார்கள். வெட்டியதைக் காட்டச் சொல்வார்கள். பெரும்பாலும் உதவி எடிட்டராகத்தான் உள்ளே போக வேண்டும். கமெராக் கார்ட்டை இரண்டு ஹார்ட் டிஸ்க்கில் பிரதி எடுப்பது, இரண்டையும் திறந்து ஓட்டிப் பார்த்த பிறகே கார்ட்டை அழிக்கக் கொடுப்பது, ஒலியைப் படத்தோடு பொருத்துவது, காட்சி எண்படி பிரித்து வைப்பது. அலுப்பான வேலைதான். ஆனால் ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப எடுத்ததில் எந்த டேக் நின்றது, எது போனது, ஏன் என்று பக்கத்திலிருந்து பார்க்க வேறு இடம் கிடைக்காது.

தொலைக்காட்சிச் செய்திப் பிரிவு கைவேகம் தரும். அங்கே குரலை முதலில் அடுக்கி, அதன்மேல் படம் போடுவார்கள்.

மாதிரி வீடியோவில் கலியாண வீட்டு ஸ்லோமோஷன் மட்டும் வேண்டாம். அதில் எங்கே வெட்டினாலும் பாட்டு காப்பாற்றிவிடும். இருவர் பேசும் 2 நிமிடக் காட்சி ஒன்றைச் சேருங்கள். பேசுபவரை விட்டுக் கேட்பவரின் முகத்துக்கு எப்போது போகிறீர்கள் என்பதில்தான் உங்கள் கை தெரியும்.

வற்றாப்பளைப் பொங்கலை நாலு பேர் போனில் எடுத்தோம். தொடக்கத்தில் பறைச் சத்தம் சரியாக இருக்கிறது, போகப் போக விலகுகிறது. ரியூப் லைட் வெளிச்சத்தில் கோடு கோடாகவும் ஓடுகிறது.
– வாசகர், முள்ளியவளை

முதலிலிருந்து கடைசிவரை ஒரே அளவு விலகல் என்றால் ஒலியைத் தள்ளிவைத்தால் தீர்ந்தது. போகப் போகக் கூடுகிறதென்றால் பெரும்பாலும் பிரேம் வேகம்தான் (செக்கனுக்கு எத்தனை படம் எடுக்கிறது என்பது) காரணம். போன் 30 பிரேம் என்று சொல்லும். இருட்டினால் தானாகவே குறைத்துக்கொள்ளும். மென்பொருள் அதைச் சீரான வேகமாக எண்ணி ஓட்டும்போது ஒலி பிந்தும் அல்லது முந்தும். ஹேண்ட்பிரேக் என்ற இலவச மென்பொருளில் வீடியோப் பகுதியில் ‘கொன்ஸ்டன்ட் பிரேம்ரேட்’ தெரிவுசெய்து ஒவ்வொரு கோப்பையும் மாற்றிவிட்டு, பிறகு எடிட்டிங்குக்குள் எடுங்கள். நாலும் 30 என்றால் துண்டுகளை அடுக்கும் டைம்லைனும் 30 ஆகவே இருக்கட்டும். 25 ஆக்கினால் அசைவு தட்டித் தட்டிப் போகும். டாவின்சி ரிசோல்வ் என்ற எடிட்டிங் மென்பொருளில் இதை முதலிலேயே தீர்மானியுங்கள். கோப்புகளை உள்ளே எடுத்தபின் ப்ரொஜெக்டின் பிரேம் வேகத்தை மாற்ற விடாது.

கோட்டுக்குக் காரணம் கரண்ட். நம் நாட்டு மின்சாரம் 50 ஹேர்ட்ஸ். பழைய ரியூப் லைட் செக்கனுக்கு 100 தடவை மினுங்கும். ஷட்டர் (ஒவ்வொரு படத்துக்கும் வெளிச்சம் வாங்கும் நேரம்) அதோடு ஒத்துப்போகாவிட்டால் கோடு விழும். அடுத்த வருடம் எல்லாப் போனிலும் 25 பிரேம், ஷட்டர் 1/50 என்று வையுங்கள். தொடங்கும்போதும் நிறுத்தும்போதும் ஒருவர் எல்லாக் கமெராவுக்கும் தெரியக் கைதட்டினால் பொருத்துவது லேசு. கோப்புகளை வாட்ஸ்அப்பில் வீடியோவாக வாங்காதீர்கள், சுருக்கிவிடும். வயரில் எடுங்கள்.

எடிட்டிங்குக்கு எப்படிப்பட்ட கணினி வாங்கலாம்?
– வாசகர், மாங்குளம்

மின்வெட்டை நினைத்தால் மடிக்கணினி நல்லது. ரேம் 16 ஜிபி, எஸ்எஸ்டி, தனிக் கிராபிக்ஸ் கார்ட். 4கே வீடியோ இழுபட்டால் 720 அளவில் ப்ரொக்ஸி (வெட்டுவதற்கான சிறிய பிரதி) செய்து வெட்டி, ஏற்றுமதியின்போது மூலக்கோப்புக்கு மாறுங்கள். பணம் மிஞ்சினால் ஹார்ட் டிஸ்க்கில் போடுங்கள்: செக்கனுக்கு 100 மெகாபிட்டில் எடுத்த ஒரு மணி நேரம் 45 ஜிபி பிடிக்கும், பிரதியோடு 90.