லூக் ஃபைல்ட்ஸ்: அச்சுக்கட்டையிலிருந்து ‘தி டாக்டர்’ வரை (கேள்வி பதில்)

நாற்காலிகளைச் சேர்த்துப் போட்டுக் கிடத்தியிருக்கும் குழந்தையை, தாடையில் கைவைத்தபடி ஒரு டாக்டர் பார்த்துக்கொண்டிருக்கும் ‘தி டாக்டர்’ படம். வரைந்தவர் யார்?

சாமுவேல் லூக் ஃபைல்ட்ஸ். 1843-ல் லிவர்பூலில் பிறந்தார். வளர்த்தது பாட்டி மேரி ஃபைல்ட்ஸ். 1819-ல் மான்செஸ்டரில் வாக்குரிமை கேட்டுக் கூடியவர்கள்மீது குதிரைப்படை பாய்ந்த பீட்டர்லூ கூட்டத்தில், மேடையில் நின்று அடிபட்டவர் அந்த அம்மாள். பேரன் வாரிங்டன் ஓவியப் பள்ளி, லண்டன் சவுத் கென்சிங்டன், ராயல் அகாடமி என்று படித்தார். வயிற்றுப்பாட்டுக்குப் பத்திரிகைகளுக்குப் படம் போட்டார்.

அந்தக் காலத்துப் பத்திரிகைப் படங்களுக்கு பிளாக் (அச்சுக்கட்டை) எப்படிச் செய்தார்கள்? நான் அச்சகத்தில் வேலை செய்கிறவன், விவரமாகவே சொல்லுங்கள்.

பாக்ஸ்வுட் என்ற இறுகிய மரம். பலகைவாக்கில் அறுக்காமல் தண்டைக் குறுக்கே அறுத்து, அந்த வெட்டுமுகத்தை இழைத்துக் கண்ணாடிபோல் ஆக்குவார்கள். நார் குறுக்கிடாததால் உளி எந்தப் பக்கமும் ஓடும். கட்டையின் உயரம் ஈய எழுத்தின் உயரமேதான், சுமார் 23.3 மி.மீ. அதனால் படத்தையும் எழுத்தையும் ஒரே சட்டத்தில் பூட்டி ஒன்றாக அச்சடிக்கலாம்.

முகத்தில் வெள்ளைப் பூச்சு மெல்லியதாகத் தடவி, அதன்மேல் பென்சிலால் இடவலம் மாற்றி வரைய வேண்டும். பூச்சு தடித்தால் உளி பட்டதும் கோட்டோடு பெயர்ந்து வரும். கோடுகள் மேடாக நிற்க, வெள்ளையாக வரவேண்டிய இடத்தையெல்லாம் செதுக்குபவர் எடுத்துவிடுவார். ஓவியர் தூரிகையால் சாம்பல் நிறம் தீட்டியிருந்தால், அதை எத்தனை கோடாக மாற்றுவது என்பது செதுக்குபவர் கையில். கோடுகள் நெருங்கினால் இடையில் மை அடைத்து அப்பிக்கொள்ளும்.

பாக்ஸ்வுட் பருமனாக வளராது. முழுப்பக்கப் படத்துக்குப் பல துண்டுகளைப் பின்னால் போல்ட் போட்டு இணைப்பார்கள். அவசரமென்றால் துண்டுகளைக் கழற்றி ஆளுக்கொன்றாகப் பிரித்துக் கொடுத்து, இரவோடிரவாகச் செதுக்கி மறுபடி பூட்டுவார்கள். இணைப்பு விலகினால் படத்தின் குறுக்கே மெல்லிய வெள்ளைக்கோடு விழும். தாளில் வரையாமல் கட்டைமேலேயே வரைந்தால் ஓவியரின் மூலப்படம் மிஞ்சாது, செதுக்கும்போதே போய்விடும்.

இதில் பழகியவருக்குக் கறுப்பு வெள்ளையிலேயே முழுக் காட்சியும் நின்றாக வேண்டும் என்ற கட்டாயம் இருந்தது. ஃபைல்ட்ஸின் எண்ணெய் ஓவியங்களிலும் நிறத்தைவிட ஒளிதான் பேசும். காரணம் இந்தப் பயிற்சி என்பது என் கருத்து.

டிக்கன்ஸ் அவரை எப்படிக் கண்டுபிடித்தார்?

‘தி கிராஃபிக்’ வார இதழின் முதல் இதழ் 1869 டிசம்பர் 4-ல் வந்தது. அதில் ‘வீடில்லாதவர், பசித்தவர்’ என்று ஃபைல்ட்ஸின் முழுப்பக்கப் படம். ஏழையர் இல்லத்தில் ஓர் இரவு தங்க அனுமதிச் சீட்டு வாங்க, காவல் நிலையத்துக்கு வெளியே குளிரில் நிற்கும் வரிசை. டிக்கன்ஸ் அப்போது ‘எட்வின் ட்ரூட்’ நாவலுக்கு ஆள் தேடிக்கொண்டிருந்தார். மருமகன் சார்லஸ் காலின்ஸ் அட்டையை வரைந்ததோடு நோயில் விழுந்துவிட்டார். ஓவியர் மில்லே இந்தப் படத்தைக் காட்ட, வேலை 26 வயது ஃபைல்ட்ஸுக்கு வந்தது. ஏழைகளை நன்றாக வரைகிறாய், அழகான பெண்களை வரைவாயா என்று டிக்கன்ஸ் மாதிரி கேட்டுப் பார்த்த பிறகுதான்!

12 மாதப் பகுதிகளாகத் திட்டமிட்ட நாவல், 1870 ஜூன் 9-ல் டிக்கன்ஸ் இறந்ததால் 6 பகுதியோடு நின்றது. நாவலில் வரும் ஜாஸ்பர் தன் கழுத்தில் நீளத் துணியை ஏன் இரண்டு சுற்றுச் சுற்ற வேண்டும் என்று ஃபைல்ட்ஸ் கேட்டாராம். அதனால்தான் எட்வினின் கழுத்தை நெரிக்கப் போகிறான் என்று டிக்கன்ஸ் ரகசியமாகச் சொன்னதாக, 1905-ல் பத்திரிகைக்கு எழுதிய கடிதத்தில் ஃபைல்ட்ஸே தெரிவித்தார். முடிவைத் தேடுகிறவர்கள் இன்னும் பிடித்துத் தொங்கும் சாட்சி இது.

வான்கோவின் நாற்காலி ஓவியத்துக்கும் இவருக்கும் சம்பந்தம் உண்டா?

உண்டு. டிக்கன்ஸ் இறந்தபின் அவருடைய எழுத்தறையையும் ஆளில்லாத நாற்காலியையும் ஃபைல்ட்ஸ் வரைந்தார். ‘தி கிராஃபிக்’ அதை 1870 கிறிஸ்துமஸ் சமயத்தில் வெளியிட்டது. வான்கோ ஹேக் நகரில் இருந்தபோது பழைய கிராஃபிக் தாள்களைச் சேர்த்தவர், இந்தப் படத்தைப் பற்றித் தம்பிக்கு உருகி எழுதியவர். 1888-ல் அவர் தன் நாற்காலியையும் ஓவியர் கோகனுடையதையும் வரைந்ததில் இதன் சாயல் இல்லை என்று சொல்வது கடினம்.

காவல் நிலையத்துக்கு வெளியே நிற்கும் அந்த வரிசைக் காட்சியையே பிறகு பெரிதாகத் தீட்டினாராமே?

1874-ல், சுமார் 137 x 244 செ.மீ. அளவில். தெருவில் கண்டவர்களையே ஸ்டூடியோவுக்கு அழைத்து மாடலாக நிறுத்தினார். ராயல் அகாடமியில் கூட்டம் தாங்காமல் படத்துக்கு முன்னால் தடுப்புக் கம்பி போட்டார்கள். இப்போது இங்கிலாந்தின் எகம் ஊரில் உள்ள ராயல் ஹாலோவே கல்லூரியில் இருக்கிறது.

‘தி டாக்டர்’ விக்டோரியா ராணி சொல்லி வரைந்தது என்று ஒரு ஃபார்வர்டு வந்ததே, உண்மையா சார்?

இல்லை. கேட்டவர் சர்க்கரை வியாபாரி ஹென்றி டேட். கொடுத்தது 3000 பவுண்டு. எதை வரைவது என்பதை ஓவியரிடமே விட்டுவிட்டார். ஃபைல்ட்ஸின் மூத்த மகன் பிலிப் 1877 கிறிஸ்துமஸ் அன்று இறந்தான். கடைசிவரை பார்த்துக்கொண்ட டாக்டர் மர்ரேயின் பொறுமை மனதில் தங்கி, அதுவே பொருளாயிற்று. ஆனால் படத்தில் இருப்பது மர்ரேயின் முகம் அல்ல.

குடிசையின் உட்புறத்தை ஸ்டூடியோவுக்குள் முழு அளவில் கட்டி, அதைப் பார்த்து வரைந்தார். படத்தில் இரண்டு ஒளி: மேசை விளக்கின் மஞ்சள், ஜன்னலில் மெல்ல வரும் விடியலின் நீலம். கடும் நோயில் விடியற்காலையே கண்டம், அதைத் தாண்டினால் பிழைக்கும் என்பது அக்கால நம்பிக்கை. அதனால் குழந்தை பிழைக்கும் என்பது குறிப்பு. பிரதிகளில் இருட்டு கூடி ஜன்னல் மங்கிவிடுவதால், பலர் இதைச் சாவுக் காட்சி என்றே நினைக்கிறார்கள்.

1891-ல் காட்சிக்கு வந்தது, இப்போது லண்டன் டேட் ஓவியக்கூடத்தில் இருக்கிறது. அமெரிக்க மருத்துவச் சங்கம் 1949-ல் அரசு மருத்துவக் காப்பீட்டை எதிர்க்க இதே படத்தைப் போஸ்டராக்கி, ‘அரசியலை இந்தப் படத்துக்குள் விடாதீர்கள்’ என்று போட்டது. கையில் காசில்லாத குடும்பத்தை வைத்து இப்படி ஒரு பிரசாரம்!

பிற்காலத்தில் ஏழைகளை ஏன் வரையவில்லை?

உருவப்படத்தில் காசு அதிகம். வெனிஸ் நகரத்து அழகிகளின் படங்களும் நன்றாக விற்றன. 1887-ல் ராயல் அகாடமியின் முழு உறுப்பினர், எட்வர்ட் மன்னரின் முடிசூட்டுக் கோல உருவப்படம், 1906-ல் சர் பட்டம். 1927-ல் இறந்தார். கையில் திறமை குறையவில்லை. ஆனால் மன்னரின் அங்கியைவிட 1869 வரிசையில் நிற்கிறவனின் கிழிந்த கோட்டுக்குத்தான் நான் ஓட்டுப் போடுவேன்.

பழைய ‘கிராஃபிக்’ தாள் ஒன்று விலைக்கு வருகிறது. அசலா என்று எப்படிப் பார்ப்பது?

10 மடங்கு லென்ஸ் போதும். அசலில் கோடுகள் திடமான கறுப்பு, சாம்பல் நிறம்கூடக் கோடுகளின் நெருக்கத்தால் வந்தது. சீரான புள்ளிகள் தெரிந்தால் பிற்காலப் பிரதி. தாளைத் திருப்புங்கள்: இதழிலிருந்து பிரித்த தாள்களில் பெரும்பாலும் பின்பக்கமும் அச்சு இருக்கும். துண்டுக்கட்டை இணைந்த இடத்தில் வெள்ளைக்கோடு தெரிந்தால் குறை என்று தள்ளாதீர்கள். வண்ணம் இருந்தால் பெரும்பாலும் பின்னால் யாரோ தீட்டியது, அதற்குக் கூடுதல் விலை தர வேண்டாம். ஃபிரேம் போடும்போது அமிலமில்லாத அட்டை வையுங்கள். செலோடேப் ஒட்டவே கூடாது, சில வருஷத்தில் பழுப்புக் கறை ஏறிவிடும்.