ஹெல்மெட் நல்லது என்று தெரிந்தும் ஏன் மாட்டுவதில்லை?

பழக்கம், மனப்பான்மை (ஒன்றைப் பற்றி நாம் நினைப்பது), விழுமியம் (நாம் முக்கியம் என்று மதிப்பது) மூன்றில் எது நம் நடத்தையைத் தீர்மானிக்கிறது என்று கேட்டிருக்கிறீர்கள். மூன்றுமேதான். ஆனால் அன்றாட வேலைகளில் பழக்கத்தின் கைதான் ஓங்கியிருக்கும்.

என்னையே எடுத்துக்கொள்ளுங்கள். உயிர் முக்கியம் என்பது விழுமியம். ஹெல்மெட் நல்லதுதான் என்பது மனப்பான்மை. இரண்டும் எனக்கு இருந்தன. ஆனாலும் பல வருடம் ஹெல்மெட் பெட்ரோல் டேங்க் மேலேயே உட்கார்ந்து வந்தது. போலீஸ் நிற்கும் சிக்னலுக்கு நூறடி முன்னால்தான் தலைக்கு ஏறும். 2015 ஜூலை 1 முதல் கட்டாயம் என்று சென்னை உயர் நீதிமன்றம் சொன்னபோதும் அபராத பயம் வந்ததே தவிர, பழக்கம் வரவில்லை.

அப்புறம் வண்டிச் சாவியை ஹெல்மெட்டுக்குள்ளேயே போட்டுவைக்க ஆரம்பித்தேன். சாவி எடுக்கப் போனால் கை அதில்தான் படும். இப்போது தெருமுனைக் கடைக்குப் போனாலும் வெறுந்தலையோடு ஓட்ட என்னவோ போல் இருக்கிறது. லண்டன் யுனிவர்சிட்டி காலேஜ் ஆய்வாளர்கள் 2010இல் வெளியிட்ட ஆய்வில், ஒரு செயல் தானாக நடக்கும் அளவுக்குப் பழக சராசரியாக 66 நாள் ஆனது. ஆளைப் பொறுத்து 18 முதல் 254 நாள் வரை. (21 நாளில் பழகிவிடும் என்று சொல்பவர்களை நம்பாதீர்கள்.)

சரி, விழுமியத்துக்கு வேலையே இல்லையா? பழகாத இடத்தில் இருக்கிறது. ரோட்டில் யாரோ அடிபட்டுக் கிடந்தால் வண்டியை நிறுத்துவதா, விலகிப் போவதா என்பதில் பழக்கம் கைகொடுக்காது.

மனப்பான்மை சட்டென்று மாறும். முடி கொட்டும் என்று ஹெல்மெட்டைத் தொடாத என் தம்பி, நண்பன் விழுந்து தப்பியதைப் பார்த்த அன்றே ஒன்று வாங்கினான். தினமும் போடுகிறானா என்றால், அது வேறு கதை.