எத்தனை பேப்பர், சார்?

கேள்வி: நான் அரசுப் பள்ளித் தமிழாசிரியர். மகள் பி.காம். இரண்டாம் ஆண்டு. கல்லூரி நாடகத்தில் எலெக்ட்ரா வேடம் கிடைத்ததிலிருந்து ஐரீன் பாப்பாஸ் என்ற பழைய கிரேக்க நடிகையின் படங்களே கதி என்று கிடக்கிறாள். அவரைப் பார்த்து, இடுப்பு வரை இருந்த முடியை வெட்டிவிட்டாள். வீட்டில் ஒரே ரகளை. ஒருநாள் வசனத்தைக் கேளுங்கப்பா என்று வந்தாள். காலாண்டுப் பேப்பர் திருத்திக்கொண்டிருந்ததால் அனுப்பிவிட்டேன். இப்போது நடிப்புதான் வாழ்க்கை என்கிறாள். என்னிடம் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. நடிகைகளுக்குக் குடும்பம் நிலைக்குமா? எப்படித் தடுப்பது?

பதில்: முடி வளரும், விடுங்கள். இப்படி எழுதும் அப்பாக்கள் எல்லோரும் முடி, உடை, ஊர்ப்பேச்சு என்றுதான் ஆரம்பிக்கிறார்கள். நீங்கள் போகிறபோக்கில் எழுதிய வரிதான் எனக்கு உறுத்துகிறது. எத்தனை பேப்பர், சார்? நாற்பதா, அறுபதா? மறுநாள் காலையிலும் அவை அதே மேஜையில்தானே இருந்திருக்கும்?

எலெக்ட்ரா யாரென்று மகளிடம் கேட்டீர்களா? பழைய கிரேக்க நாடகங்களில் வரும், கொலையுண்ட அப்பாவுக்காக அழுது தீராத மகள். 1962இல் மைக்கேல் ககோயானிஸ் எடுத்த படத்தில், ஐரீன் பாப்பாஸ் கறுப்பு உடையும் ஒட்ட வெட்டிய தலையுமாக வறண்ட நிலத்தில் நிற்பார். பழைய கிரேக்கர்களுக்கு முடியை வெட்டுவது துக்கத்தின் அடையாளம். அப்பாவை நினைத்து அழும் வசனத்தை உங்கள் பெண் தன் அப்பாவிடமே சொல்லிக்காட்ட வந்திருக்கிறாள். நீங்கள் அனுப்பிவிட்டீர்கள்.

அந்த நடிகையும் உங்களைப் போன்ற வாத்தியார் வீட்டுப் பெண்தான். கொரிந்து பக்கம் ஹிலியோமோடி என்ற கிராமம். அம்மா ஆசிரியை, அப்பா பள்ளியில் பழைய நாடகங்களைச் சொல்லிக்கொடுத்தவர். ஊருக்கு வந்த நாடகக் குழுவில் பெண்கள் தலைமுடியைப் பிய்த்துக்கொண்டு அழுததைப் பார்த்த சிறுமி, கறுப்புத் துணியைத் தலையில் கட்டிக்கொண்டு மற்றப் பிள்ளைகள் முன்னால் அதையே நடித்துக் காட்டுவாளாம். பதினைந்து வயதில் ஏதென்ஸ் நாடகப் பள்ளியில் சேர்ந்துவிட்டாள். அந்த வீட்டிலும் திருத்த வேண்டிய நோட்டுகள் இருந்திருக்கும், சார்.

குடும்பம் நிலைக்குமா என்கிறீர்கள். அவருக்கு 1948இல் முதல் படம், அதே ஆண்டு கல்யாணம், 1951இல் விவாகரத்து. பாப்பாஸ் என்பதே அந்தக் கணவரின் பெயர்தான். உங்களைத் தேற்றுவதற்காக இதை மறைக்க மாட்டேன். ஆனால் கல்யாணம் முறிவதற்கு சினிமா தேவையில்லை, உங்கள் ஸ்டாஃப் ரூமிலேயே விசாரித்துப் பாருங்கள். 1967இல் கிரீஸில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தபோது அதை வெளிப்படையாக எதிர்த்து, வெளிநாட்டில் வாழ்ந்தவர் அவர். உலகமெல்லாம் சுற்றி நடித்தவரை 2022இல் அடக்கம் செய்தது அதே ஹிலியோமோடியில்.

உங்கள் பெண்ணையும் நான் விடப்போவதில்லை. அப்பா வாயைக் கட்டி வயிற்றைக் கட்டி ஃபீஸ் கட்ட, படிப்பைப் பாதியில் போட்டுவிட்டு எழுந்து போவது எனக்குக் கொஞ்சமும் பிடிக்காது. டெல்லி தேசிய நாடகப் பள்ளியில் சேரவே ஒரு பட்டம் வேண்டும். பி.காமை முடிக்கட்டும், அப்புறம் போகட்டும். இதை அவளிடம் நீங்கள் சொல்லலாம், ஆனால் இன்றைக்குச் சொன்னால் அவள் கேட்கமாட்டாள். அவள் பேச வந்தபோது நீங்கள் கேட்டீர்களா? ஃபீஸ் கட்டியதோடு தகப்பன் கடமை முடிந்தது என்று நினைக்கும் ஆண்களோடு எனக்கு ஒத்துப்போகாது.

சரி, இன்று ராத்திரி சிவப்புப் பேனாவை மூடி வையுங்கள். ஸ்கிரிப்டை எடுத்துக்கொண்டு வரச் சொல்லுங்கள். எலெக்ட்ராவுக்கு ஓரெஸ்டஸ் என்று ஒரு தம்பி உண்டு. அவன் வசனங்களை நீங்கள் படியுங்கள். தமிழ் வாத்தியார் இல்லையா, அவள் ளகர ழகரத்தைத் திருத்த வாய் துறுதுறுக்கும். அடக்கிக்கொள்ளுங்கள். முதல் நாள் "வேண்டாம்ப்பா" என்பாள். மறுநாளும் போய்க் கேளுங்கள்.